குப்பை வண்டி வராத ஊரும் துப்பறியும் மங்க் சாரும்



போன மாத சுவர் இதழில் பிடித்த சினிமா, பிடித்த பாட்டு, பிடித்த கிரிக்கெட் வீரர் எல்லாம் எழுதியாச்சு. இந்த மாதம் நான் ஒரு டிவி தொடரைப் பற்றி எழுதப் போறேன். அதுவும் அதில் வரும் ஒரே ஒரு எபிசோடைப் பற்றி. வெறும் கதைச் சுருக்கம்னு நினைக்காதீங்க. எனக்கு அதில் ஒரு கருத்து இருக்கு. அதை முதலிலேயே சொல்லிடறேன். அந்த எபிசோடு ரொம்ப நல்ல காமெடி. ஆனா அது பாதி உண்மையைத்தான் சொல்லுது. மீதிப் பாதியை யாராவது சொல்லணும். நான் சொல்றேன்.

படிச்சிட்டு சண்டை போடணும்னா தாராளமா வாங்க. இடைவேளையில் வேப்ப மரத்தடியில்தான் இருப்பேன்.

யார் இந்த மங்க்?

தொடரோட பேரே "மங்க்"தான். அமெரிக்காவில் 2002 முதல் 2009 வரை ஓடியது. எட்டு சீசன், மொத்தம் 125 எபிசோடு. அப்புறம் 2023இல் ஒரு படமாவும் வந்தது. மங்க்கா நடிச்சவர் டோனி ஷலூப். இதுக்காக 2003, 2005, 2006 என்று மூணு தடவை எம்மி விருது வாங்கியிருக்கார். எங்க பெரியம்மா பையன் காலேஜில் படிக்கிறாங்க. லீவுக்கு வந்தப்போ அந்த அண்ணன் லேப்டாப்பில் போட்டுக் காட்டினாங்க. கீழே இங்கிலீஷில் எழுத்து ஓடும். புரியாத இடத்தில் நிறுத்தி நிறுத்தி அண்ணன் அர்த்தம் சொல்வாங்க. அதனால நாற்பது நிமிஷ எபிசோடு எங்களுக்கு ஒன்றரை மணி நேரம் ஆகும்.

ஏட்ரியன் மங்க் சான் பிரான்சிஸ்கோ நகரத்தில் போலீஸ் துப்பறிவாளரா இருந்தவர். அவர் மனைவி ட்ரூடி 1997இல் கார் குண்டு வெடிச்சு இறந்துட்டாங்க. அந்தத் துக்கத்தில் அவர் உடைஞ்சு போயிட்டார். போலீஸ் வேலையும் போச்சு. ஆனா யாராலும் கண்டுபிடிக்க முடியாத கேஸ் வந்தா கேப்டன் ஸ்டாட்டில்மேயர் அவரைத்தான் கூப்பிடுவார். ஒரு அறைக்குள்ள நுழைஞ்சு ரெண்டு கையையும் முகத்துக்கு முன்னால தூக்கிப் பிடிச்சுக்கிட்டு மெதுவா ஒரு சுத்து சுத்துவார். மற்றவங்க கண்ணுக்குத் தெரியாதது அவர் கண்ணுக்குத் தெரியும்.

அவருக்கு ஒரு மனநோய் உண்டு. கிருமின்னா பயம், உயரம்னா பயம், கூட்டம்னா பயம், பால் குடிக்கக்கூட பயம். யாராவது கை குலுக்கினா அடுத்த நொடி பக்கத்தில் இருக்கிற உதவியாளர் நடாலி ஒரு ஈரத்தாளை எடுத்து நீட்டணும். துடைச்சாத்தான் அவருக்கு மூச்சு வரும். ஒரு நோயாளியைப் பார்த்து சிரிக்கலாமான்னு முதலில் எனக்கு ஒரு மாதிரி இருந்தது. ஆனா அந்தத் தொடர் அவரைக் கேவலப்படுத்தல. அவர் எதுக்குப் பயப்படறார், எப்படி அழறார், ராத்திரி தனியா எப்படி இருக்கார் எல்லாம் காட்டிட்டுத்தான் நம்மை சிரிக்க வைக்குது. இதை ஞாபகம் வச்சுக்கோங்க, கொஞ்சம் கழிச்சு இதுக்குத் திரும்பி வரப் போறேன்.

அந்த எபிசோடு

ஐந்தாவது சீசனில் ரெண்டாவது எபிசோடு. பேரு "மிஸ்டர் மங்க் அண்டு தி கார்பேஜ் ஸ்ட்ரைக்". முதல் முதலா ஒளிபரப்பானது 2006 ஜூலை 14. அப்போ நம்ம வகுப்பில் ஒருத்தரும் பிறக்கவே இல்ல!

கதை இதுதான். சான் பிரான்சிஸ்கோவில் குப்பை எடுக்கிற தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்யறாங்க. ஊரெல்லாம் குப்பை மூட்டை மலை மலையா குவிஞ்சு கிடக்கு. சாதாரண ஆளுங்களே மூக்கைப் பிடிச்சுக்கிட்டு நடக்கிறாங்க. அப்படின்னா ஒரு சின்னத் தூசி பட்டாலே துடிக்கிற மங்க் நிலைமை என்ன ஆகும்? நினைச்சுப் பாருங்க!

இந்த நேரத்தில் தொழிலாளர் சங்கத் தலைவர் ஜிம்மி கூசாக் தன் அலுவலகத்தில் செத்துக் கிடக்கிறார். பார்த்தா தற்கொலை மாதிரி இருக்கு. உண்மையில் அது கொலை. கொலை யார் செஞ்சதுன்னு தெரியாம வேலைநிறுத்தமும் முடியாது. வேலைநிறுத்தம் முடியாம குப்பையும் போகாது. குப்பை போகாம மங்க் மூளையும் வேலை செய்யாது! மூளை வேலை செஞ்சாத்தான் கொலையாளியைக் கண்டுபிடிக்க முடியும். எப்படி மாட்டிக்கிட்டார் பாருங்க.

கடைசியில் நாத்தம் தலைக்கு ஏறி, கொலை செஞ்சது ஆலிஸ் கூப்பர்தான்னு சொல்லிடறார். ஆலிஸ் கூப்பர் யாருன்னா ஒரு நிஜமான ராக் பாடகர். கண்ணைச் சுத்திக் கறுப்பு மை பூசிக்கிட்டு மேடையில் பேய் மாதிரி பாடுறவர். அவரே இந்த எபிசோடில் அவராவே வந்து நடிச்சிருக்கார். ஒரு பழைய காலத்து நாற்காலிக்கு ஆசைப்பட்டு அவர் கொலை செஞ்சார்னு மங்க் ரொம்ப சீரியஸா விளக்கம் சொல்வார். நானும் அண்ணனும் விழுந்து விழுந்து சிரிச்சோம்.

இனிமே இவர் தேற மாட்டார்னு தெரிஞ்சதும் கூட இருக்கிறவங்க ஒரு வழி பண்றாங்க. கம்ப்யூட்டர் சிப் தயாரிக்கிற கம்பெனியில் "சுத்த அறை"ன்னு ஒண்ணு இருக்கும். அங்கே அவரைக் கூட்டிட்டுப் போறாங்க. உள்ளே நுழைஞ்சதும் அவர் முகத்தைப் பார்க்கணுமே! கோயில் கர்ப்பக்கிரகத்தில் நிக்கிற மாதிரி நிக்கிறார். மூளை பளிச்சுன்னு வேலை செய்ய ஆரம்பிக்குது. கொலையாளி மாட்டிக்கிறான். யாருன்னு நான் சொல்ல மாட்டேன். நீங்களே பாருங்க.

இடையில் ஒரு சின்ன அறிவியல் தகவல். சுத்த அறைகளுக்குத் தரம் உண்டு. "கிளாஸ் 100"ன்னு ஒரு தரம். ஒரு கன அடி காற்றில் அரை மைக்ரான் அளவோ அதுக்கு மேலேயோ இருக்கிற தூசி 100க்கு மேல இருக்கக் கூடாது. நம்ம கிளாஸ் 9இல் ஒரு தடவை டஸ்டரைத் தட்டினாலே எத்தனை ஆயிரம் பறக்கும்னு நீங்களே கணக்குப் போட்டுக்கோங்க.

எனக்குப் பிடிச்சது

இந்தக் கதையில் ஒரு பெரிய விஷயத்தைச் சின்னதா சொல்லியிருக்காங்க. ஊரிலேயே பெரிய புத்திசாலி மங்க். போலீஸ் கைவிட்ட கேஸை எல்லாம் கண்டுபிடிக்கிறவர். அப்படிப்பட்டவரே ஒண்ணும் இல்லாம போறார். ஏன்? தினமும் காலையில் வந்து தொட்டியைத் தூக்கிட்டுப் போற ஆளு வரல. அவ்வளவுதான்.

நாம பாடத்தில் விஞ்ஞானி, டாக்டர், கலெக்டர், பொறியாளர்னு படிக்கிறோம். "நீ என்னவா ஆகப் போற?"ன்னு கேட்டா அதில் ஒண்ணைச் சொல்றோம். ஆனா டாக்டர் சுத்தமான அறையில் உட்கார, ஒருத்தர் முதலில் அதைச் சுத்தம் பண்ணியிருக்கணும். மங்க் போய் நின்ன அந்தச் சுத்த அறையும் தானா சுத்தமாகல. அதையும் உடம்பு முழுக்க மூடின வெள்ளை உடுப்பு போட்டுக்கிட்டு ஒருத்தர் தினம் துடைக்கணும். இதை இந்த எபிசோடு நம்மை சிரிக்க வச்சே புரிய வைக்குது. அதுக்கு நூற்றுக்கு நூறு மார்க் போடலாம்.

எனக்குப் பிடிக்காதது

இப்போ முன்னாடி ஞாபகம் வச்சுக்கச் சொன்ன விஷயத்துக்கு வரேன். மங்க்கோட பயத்துக்குப் பின்னால ஒரு கதை இருக்கு. ட்ரூடி இருக்காங்க. அவர் அழுகை இருக்கு. அதனாலதான் அவரைப் பார்த்து சிரிச்சாலும் அவர் மேல நமக்கு அன்பு வருது.

குப்பை எடுக்கிறவங்களுக்கு? எபிசோடு முடிஞ்சதும் யோசிச்சுப் பார்த்தேன். சங்கத் தலைவர் பேரு ஞாபகம் இருக்கு. ஆலிஸ் கூப்பர் ஞாபகம் இருக்கு. மேயர் கவலை ஞாபகம் இருக்கு. மங்க் மூக்கு ரொம்ப நல்லாவே ஞாபகம் இருக்கு. ஆனா தெருத் தெருவாப் போய்த் தொட்டியைத் தூக்கிக் கொட்டுற ஒரு சாதாரணத் தொழிலாளி மனசில் நிக்கல. அவங்க எதுக்கு வேலையை நிறுத்தினாங்க? அவங்க வீட்டில் என்ன சமையல்? சம்பளம் இல்லாத அந்த நாட்களில் பிள்ளைங்களுக்கு என்ன சொல்லிச் சமாளிச்சாங்க? அதெல்லாம் என் மனசில் பதியற மாதிரி அதில் இல்ல. குப்பை போட்டவங்க கஷ்டம்தான் முழுக்க முழுக்கக் காமெடியா வருது. குப்பை எடுக்கிறவங்க கஷ்டம் வேற ஏதோ ஊரில் இருக்கிற மாதிரி இருக்கு.

"ஏய், அது காமெடித் தொடர். அதில் போய் இதெல்லாம் தேடுவியா?"ன்னு என் தோழி ஒருத்தி கேட்டா. நியாயமான கேள்விதான். என் பதில் இதுதான். மங்க் மாதிரி ஒரு நோயாளியோட துக்கத்தைக் காமெடிக்குள்ள அவ்வளவு அழகா வைக்கத் தெரிஞ்சவங்களுக்கு, ஒரு தொழிலாளியோட துக்கத்தை ரெண்டு நிமிஷம் வைக்கத் தெரியாதா? தெரியும். வைக்கணும்னு தோணல. அவ்வளவுதான்.

நிஜத்தில் நடந்தது

அமெரிக்காவில் நிஜமாவே பெரிய பெரிய குப்பை வேலைநிறுத்தம் நடந்திருக்கு. 1968ஆம் வருஷம் பிப்ரவரி மாதம் மட்டும் ரெண்டு ஊரில் நடந்திருக்கு.

ஒண்ணு நியூயார்க். பிப்ரவரி 2 முதல் 10 வரை, ஒன்பது நாள். தெருவில் சேர்ந்த குப்பை சுமார் ஒரு லட்சம் டன்! சுகாதார நெருக்கடின்னு அறிவிக்கிற அளவுக்குப் போயிடுச்சு. மங்க் எபிசோடில் பார்த்தது மாதிரியே மூட்டை மேல மூட்டை.

இன்னொண்ணு மெம்பிஸ். இதைப் படிச்சப்போ எனக்குச் சிரிப்பு சுத்தமா போயிடுச்சு. பிப்ரவரி 1ஆம் தேதி நல்ல மழை. எக்கோல் கோல், ராபர்ட் வாக்கர்னு ரெண்டு தொழிலாளிகள் மழைக்கு ஒதுங்க இடம் இல்லாம குப்பை லாரியோட பின்பக்கத்தில் ஏறி நின்னாங்க. குப்பையை அமுக்குற இயந்திரம் திடீர்னு தானா ஓட ஆரம்பிச்சு ரெண்டு பேரையும் உள்ளே இழுத்து நசுக்கிடுச்சு. ரெண்டு பேருமே கறுப்பினத்தவர்கள். அந்த ஊரில் இந்த வேலை செஞ்சவங்க அநேகமா எல்லாருமே கறுப்பினத்தவர்கள்தான். முழு நேரம் வேலை செஞ்சும் வறுமை உதவி வாங்கித்தான் சாப்பிடணும்கிற அளவுக்குப் பலருக்கும் சம்பளம் கம்மி.

பிப்ரவரி 12இல் சுமார் 1,300 பேர் வேலையை நிறுத்தினாங்க. ஊர்வலத்தில் அவங்க கழுத்தில் தொங்கவிட்ட அட்டையில் என்ன எழுதியிருந்தது தெரியுமா? கூலி உயர்வுன்னு இல்ல, போனஸ்னு இல்ல. "நான் ஒரு மனிதன்"னு எழுதியிருந்தது. அதை எழுதிக் கழுத்தில் மாட்டிக்க வேண்டிய நிலைமை எப்படிப்பட்டதுன்னு கொஞ்சம் யோசிங்க.

அவங்களுக்கு ஆதரவா மார்ட்டின் லூதர் கிங் மெம்பிஸுக்கு வந்தார். நாம அவரைப் பத்திக் கேள்விப்பட்டிருக்கோம். காந்தி வழியில் நடந்தவர்னு சொல்வாங்க. ஆனா அவர் எதுக்காகப் போன ஊரில் சுடப்பட்டார்னு நமக்கு அவ்வளவா தெரியாது. குப்பை எடுக்கிறவங்களுக்காகப் போன ஊரில்தான். 1968 ஏப்ரல் 4. அவருக்கு அப்போ வயசு 39. ஏப்ரல் 16இல்தான் நகராட்சி இறங்கி வந்து, சங்கத்தை ஏத்துக்கிட்டு, சம்பளத்தையும் கூட்டித் தர ஒத்துக்கிட்டுது.

மங்க் எபிசோடு நியூயார்க் மாதிரி. மூட்டையை மட்டும் காட்டுது. மெம்பிஸை நாம தனியா தேடிப் படிச்சாத்தான் மூட்டைக்குப் பின்னால இருக்கிற ஆளு தெரியறார்.

நம்ம தெரு

இதை எல்லாம் நான் ஏன் இவ்வளவு எழுதறேன்னு சிலருக்குத் தெரியும். தெரியாதவங்களுக்கும் சொல்லிடறேன். எங்க அம்மா நம்ம ஊராட்சியில் தூய்மைக் காவலர். காலையில் நம்ம தெருவுக்கு வண்டி தள்ளிக்கிட்டு வர்றாங்களே, அவங்கதான். இதை இந்தச் சுவரில் எழுத எனக்கு ஒரு வெட்கமும் இல்ல.

அம்மா அஞ்சரை மணிக்கு எழுந்து போவாங்க. மக்கும் குப்பை பச்சைத் தொட்டி, மக்காத குப்பை நீலத் தொட்டி. கேட்டால் எல்லாருக்கும் தெரியும்னு சொல்வாங்க. ஆனா பையைப் பிரிச்சா சாம்பார் சாதத்துக்குள்ள பேட்டரி இருக்கும். முட்டை ஓட்டோட ஷேவிங் பிளேடு இருக்கும். குழந்தைக்குக் கட்டின டயப்பர் அப்படியே இருக்கும். அதை எல்லாம் கையால பிரிச்சுத் தனித்தனியா போடணும். கையுறை இருக்கு. ஆனா கண்ணாடிக்குக் கையுறை எல்லாம் ஒரு கணக்கா?

போன மழைக்காலத்தில் அம்மாவுக்கு மூணு நாள் காய்ச்சல். நம்ம தெருவில் மூணு நாள் மங்க் எபிசோடு ஓடுச்சு! மின்கம்பத்தடியில் பை சேர்ந்தது. நாய் இழுத்துப் போட்டது. மழை பெய்ஞ்சு தெருவே வழுக்குச்சு. அம்மா போனுக்கு ஒரே அழைப்பு. "ஏன் வரல?" "எப்போ வருவ?" "இப்படி வராம இருந்தா எப்படி?" மொத்தம் பதினேழு பேர் பேசினாங்க. நான்தான் எடுத்துப் பேசினேன், அதனால கணக்குத் தெரியும். "காய்ச்சல் எப்படி இருக்கு?"ன்னு கேட்டவங்க ரெண்டு பேர். மூணாவது தெரு பாட்டி ஒருத்தங்க மட்டும் தூக்குவாளியில் மிளகு ரசம் கொண்டு வந்து வச்சிட்டு, "முதல்ல எழுந்து உட்காரு, குப்பை எங்க ஓடிடப் போகுது"ன்னு சொல்லிட்டுப் போனாங்க. அவங்க நூறு வருஷம் நல்லா இருக்கணும்.

நாலாவது நாள் அம்மா போனாங்க. மூணு நாள் குப்பை நாலாவது நாள் குப்பையோட சேர்ந்து இருந்தது. வழக்கமா எட்டரைக்குத் திரும்பி வர்றவங்க அன்னைக்கு மத்தியானம் ரெண்டு மணிக்கு வந்தாங்க. யாரோ உடைஞ்ச டியூப் லைட்டைச் சாதாரணப் பையில் போட்டுக் கட்டியிருந்தாங்க. விரல் கிழிஞ்சு தையல் போட்டாச்சு.

இந்த மங்க் எபிசோடை அம்மாவும் எங்களோட உட்கார்ந்து பார்த்தாங்க. சுத்த அறையில் மங்க் கண்ணை மூடி நிக்கிறதைப் பார்த்து எங்களைவிட அதிகமா சிரிச்சாங்க. "எனக்கும் ஒரு நாள் அந்த ரூமுக்குள்ள போகணும்"னு சொன்னாங்க. எபிசோடு முடிஞ்சதும் ஒரு கேள்வி கேட்டாங்க. "அத்தனை நாள் குப்பையையும் மறுநாள் எத்தனை பேர் சேர்ந்து அள்ளினாங்க?"

அண்ணனுக்கும் பதில் தெரியல, எனக்கும் தெரியல. எபிசோடில் கேஸ் முடிஞ்சா கதை முடிஞ்சது. வேலைநிறுத்தம் முடிஞ்சா எல்லாருக்கும் நிம்மதி. ஆனா அந்தத் தொழிலாளிகளுக்கு அன்னைக்குத்தான் வேலையே ஆரம்பிக்குது. நியூயார்க்கில் அந்த ஒரு லட்சம் டன்னையும் காற்றா வந்து அள்ளிட்டுப் போச்சு? நிறுத்தினவங்களேதான் அள்ளியிருப்பாங்க. எத்தனையோ பேர் சேர்ந்து யோசிச்சு எடுத்த எபிசோடில் இல்லாத கேள்வி எங்க அம்மாவுக்கு உடனே வந்தது. ஏன்னா அவங்க வண்டியின் அந்தப் பக்கம் நிக்கிறவங்க. துப்பறியறதுன்னா இதுதான்னு எனக்குத் தோணுது.

வேலையை நிறுத்துறது தப்பா?

இதைப் பத்தி எங்க வகுப்பில் ஒரு சின்ன விவாதம் நடந்தது. "என்ன கோரிக்கை இருந்தாலும் குப்பை எடுக்கிறதை நிறுத்தக் கூடாது. நோய் பரவும். சின்னக் குழந்தைங்க என்ன பாவம் பண்ணுச்சு?"ன்னு ஒரு பக்கம் சொன்னாங்க. அந்தக் கருத்தில் உண்மை இருக்கு. குப்பை சேர்ந்தா கொசு வரும், எலி வரும், காய்ச்சல் வரும். அதை நான் மறுக்கல.

ஆனா நான் கேட்கிறது இதுதான். நோய் பரவுற அளவுக்கு அது முக்கியமான வேலைன்னா, அந்த முக்கியம் நிறுத்தின அன்னைக்கு மட்டும் எப்படித் தெரியுது? மற்ற நாளில் ஏன் தெரியல? அமெரிக்காவிலேயே வேலை செய்யும்போது உயிர் போறது அதிகமா இருக்கிற வேலைகள் பட்டியலில் குப்பை எடுக்கிற வேலை பல வருஷமா முதல் பத்துக்குள்ள வருது. பெரிய பெரிய இயந்திரம் இருக்கிற நாட்டிலேயே அப்படி. மெம்பிஸில் ரெண்டு பேர் செத்த பிறகும் யாரும் காது கொடுக்காததாலதான் கையை நிறுத்தினாங்க. நாம தினமும் கொஞ்சம் காது கொடுத்தா அவங்க நிறுத்த வேண்டிய அவசியமே வராதுன்னு நான் நினைக்கிறேன்.

பேரை மட்டும் மாத்தினா போதுமா?

நம்ம தமிழ்நாட்டில் 2020இல் "துப்புரவுப் பணியாளர்"ங்கிற பேரைத் "தூய்மைப் பணியாளர்"னு மாத்தினாங்க. நல்ல விஷயம். ஆனா அரசாணை காகிதத்தை மாத்தும், வாயை நாமதான் மாத்தணும். இன்னும் "குப்பைக்காரம்மா வந்தாச்சு"ன்னுதான் கேட்குது. பால் கொண்டு வர்றவர் பால்காரர். பூ கொண்டு வர்றவங்க பூக்காரம்மா. அப்போ குப்பை கொண்டு வந்து கொடுக்கிறது யாரு? நாமதானே? அப்போ யாருக்கு அந்தப் பேரு பொருத்தம்னு நீங்களே சொல்லுங்க.

நான் கேட்டுக்கறது

கட்டுரைன்னா கடைசியில் "சிந்திப்போம், செயல்படுவோம்"னு எழுதிட்டு முடிக்கிறது வழக்கம். நான் சிந்திக்கச் சொல்லல. அஞ்சே அஞ்சு வேலை சொல்றேன், எல்லாம் நாளைக்கே செய்யலாம்.

1. உடைஞ்ச கண்ணாடி, பிளேடு, ஊசி, டியூப் லைட் இருந்தா தடிமனான பேப்பரில் சுத்தி, வெளியே சிவப்புப் பேனாவில் "கண்ணாடி"ன்னு எழுதித் தனியா கையில் கொடுங்க. ஒரு நிமிஷ வேலை. ஒருத்தர் விரல் தப்பிக்கும்.

2. நாப்கினைப் பேப்பரில் மடிச்சுத் தனியா போடுங்க. இதைச் சுவர் இதழில் எழுத வேண்டாம்னு சிலர் சொன்னாங்க. எடுக்கிறதும் ஒரு பெண்ணோட கைதான். எழுதாம எப்படி இருக்கிறது?

3. மதியச் சாப்பாட்டில் மிச்சம் ஆனதையும் பிளாஸ்டிக்கையும் ஒரே தொட்டியில் போடாதீங்க. மங்க்கோட ஊரான சான் பிரான்சிஸ்கோவில் சாப்பாட்டுக் கழிவைத் தனியா பிரிச்சே ஆகணும்னு 2009இல் சட்டமே போட்டாங்க. தொடர் முடிஞ்சதும் அதே வருஷம்தான். அங்கேயும் மக்கும் குப்பைக்குப் பச்சைத் தொட்டிதான்!

4. வகுப்பறை பெருக்குற முறையில் பசங்க பேரும் வரணும். இப்போ பெண்கள் பேரு மட்டும்தான் பட்டியலில் இருக்கு. துடைப்பத்துக்கு ஆண், பெண் தெரியாது. வகுப்புத் தலைவர் இதைக் கவனிப்பார்னு நம்பறேன்.

5. உங்க தெருவுக்கு வர்ற தூய்மைக் காவலர் பேரைக் கேட்டுத் தெரிஞ்சுக்கோங்க. பேரு சொல்லி அக்கான்னோ அத்தைன்னோ கூப்பிடுங்க. ஒரு நாள் வரலைன்னா முதல் கேள்வியா "உடம்பு எப்படி இருக்கு?"ன்னு கேளுங்க. குப்பையைப் பத்தி ரெண்டாவது கேட்கலாம்.

ஆலிஸ் கூப்பர் கண்ணு மையும், நாத்தத்தில் மங்க் படுற பாடும் எவ்வளவு நல்லா இருக்குன்னு நீங்களும் பாருங்க. வயிறு வலிக்கச் சிரிங்க. நானும் இன்னொரு தடவை பார்க்கப் போறேன். பார்க்கும்போது ஒரே ஒரு விஷயம் தேடுங்க. படத்தில் ஓரமா நிக்கிற தொழிலாளி யாராவது வந்தா, அவர் பேரு என்னவா இருக்கும், வீட்டில் எத்தனை பிள்ளைங்க இருக்கும்னு ஒரு நிமிஷம் யோசிங்க. அந்த வேலையை மங்க் சாரே செய்யல. நாம செய்யலாம்.

மாற்றுக் கருத்து இருக்கிறவங்க இந்தத் தாளுக்குக் கீழே ஒட்டியிருக்கிற வெள்ளைத் தாளில் பேனாவால் எழுதுங்க. பென்சிலில் எழுதினா யாராவது அழிச்சிடுவாங்க. அடுத்த மாத இதழில் பதில் எழுதறேன்.



இப்படிக்கு,
ஒன்பதாம் வகுப்பு 'ஆ' பிரிவு மாணவி